கழுகு லைசென்ஸ் புதுப்பித்த செலவு

லைசென்ஸைப் புதுப்பிக்க ஆகும் செலவைப் பற்றி டிரைவர் கழுகு பேச ஆரம்பித்தால், கேட்டுக்கொண்டிருப்பவர் ஏதாவது சாக்குச் சொல்லி எழுந்து போய்விடுவது நல்லது. அரசாங்கத்துக்குக் கட்ட ஒரு தொகை, போட்டோவுக்கு ஒரு தொகை, டாக்டர் சான்றிதழுக்கு ஒரு தொகை, போதாக்குறைக்கு அலைச்சலில் அரை நாள் சம்பளம் என்று ஒவ்வொரு விரலாக மடக்கிக்கொண்டே வருவார். "இத்தனை வருஷமா ஓட்டுறேன். எனக்கு ஓட்டத் தெரியுமான்னு அவங்ககிட்டயே காசு குடுத்துக் கேக்கணுமா?" என்று முடிப்பார். முடிப்பார் என்றா சொன்னேன்? அங்கேயிருந்துதான் ஆரம்பிப்பார்.

அவர் ஓட்டுவது ஒரு சலவை நிறுவனத்தின் வேன். காலையில் வெளுத்த படுக்கை விரிப்புகளையும் தலையணை உறைகளையும் பெரிய ஆஸ்பத்திரியில் கொண்டுபோய் இறக்க வேண்டும். திரும்பும்போது அழுக்கானவற்றை அள்ளிக்கொண்டு வர வேண்டும். வேலைக்குச் சேர்ந்த புதிதில், தெருக்கோடியில் திரும்புகிற லாரியின் நம்பரை நின்ற இடத்திலிருந்தே படித்துச் சொல்லிப் பந்தயத்தில் டீ ஜெயிப்பார். அப்போது ஒட்டிக்கொண்ட பெயர்தான் கழுகு. சொந்தப் பெயர் சம்பளச் சீட்டோடு சரி. வீட்டில்கூட, மனைவிக்குக் கோபம் வந்தால் "என்ன கழுகாரே?" என்றுதான் ஆரம்பிப்பாள்.

மனைவியும் அங்கேதான் வேலை பார்க்கிறாள், மடிப்புப் பிரிவில். இஸ்திரி இயந்திரத்திலிருந்து வரும் விரிப்புகளை மடித்து, கட்டாகக் கட்டி, எந்த வார்டுக்குப் போக வேண்டும் என்று ஓர் அட்டையில் எழுதி முடிச்சில் செருகுவது அவள் வேலை. இரண்டு வேன்களுக்கும் அவள்தான் எழுதுவாள். அடுத்த வேனை ஓட்டுகிற நெட்டையன் வாரத்துக்கு ஒரு தடவையாவது குழந்தைகள் வார்டுக் கட்டைப் பிரசவ வார்டில் இறக்கிவிட்டுத் திட்டு வாங்குவான். கழுகு ஒரு தடவைகூட மாற்றி இறக்கியதில்லை. "அட்டையை ஒரு பார்வை பாத்தா போதும்டா. கண்ணுன்னா இப்படி இருக்கணும்," என்று நெட்டையனிடம் அலட்டிக்கொள்வார்.

இந்த நேரத்தில்தான் புது மேனேஜர் வந்தார். வந்த வாரமே எல்லா டிரைவர்களின் லைசென்ஸையும் வாங்கிப் பார்த்தார்.

"உங்களுது இந்த மாசக் கடைசியோட முடியுது. புதுப்பிச்சுக் கொண்டாந்து காட்டிட்டுத்தான் அடுத்த மாசம் சாவியை எடுக்கணும்," என்றார்.

"செஞ்சிரலாம் சார். செலவுதான் கையைக் கடிக்குது," என்றார் கழுகு.

அன்றிலிருந்து பேச்சு முழுக்கச் செலவுதான். மாதம் பாதி கரைந்தது. கட்டணம் ஏறிவிட்டது, கட்டணம் இறங்கப்போகிறதாம், ஆபீஸில் கூட்டம், நாளைக்குப் பார்க்கலாம் என்று தட்டிக் கழித்துக்கொண்டே போனார். மனிதர் இவ்வளவு கஞ்சனா என்று எல்லோரும் சிரித்தார்கள். சிரிக்கட்டும் என்று விட்டுவிட்டார், ஏனென்றால் உண்மையைவிட அந்தப் பெயர் அவருக்கு வசதியாக இருந்தது.

உண்மை இதுதான்: கழுகுக்குக் கண் சரியாகத் தெரியவில்லை. இரண்டு வருடமாகவே தூரத்தில் இருப்பதெல்லாம் நனைந்த காகிதம் மாதிரிதான் தெரிந்தது. வழி மனப்பாடம், வேகத்தடை மனப்பாடம், சிக்னலில் எந்த விளக்கு எங்கே இருக்கும் என்பது மனப்பாடம். அவர் வயதுக்காரர்களுக்கு டாக்டர் கண்ணைப் பார்த்துச் சான்றிதழ் கொடுத்தால்தான் லைசென்ஸ். மீசை என்று ஒரு டிரைவர் இருந்தார். அவருக்கும் கண்ணில் கோளாறு வந்து, கண்ணாடி போட்டு, அதை மாற்றி, மறுபடி மாற்றி, கடைசியில் சாவியை வாங்கிக்கொண்டு அழுக்குத் துணி பிரிக்கும் அறையில் ஸ்டூல் போட்டு உட்கார வைத்துவிட்டார்கள். இன்றைக்கும் அங்கேதான் உட்கார்ந்திருக்கிறார். கண்ணாடிக் கடையைப் பார்த்தாலே கழுகுக்கு அந்த ஸ்டூல்தான் ஞாபகத்துக்கு வரும்.

ஆனால் கண் சோதனைக்கு டிரைவர்கள் வழி கண்டுபிடித்து வைத்திருந்தார்கள். எல்லோரும் சான்றிதழுக்குப் போவது ஒரே கிளினிக்குக்குத்தான். அங்கே சுவரில் தொங்குகிற எழுத்து அட்டை மாறியதே இல்லை. கடைசி வரியில் இருக்கும் ஆறு எழுத்து மறக்காமல் இருக்க யாரோ ஒரு புண்ணியவான் ஒரு வாக்கியம் கட்டியிருந்தார்: பழைய நண்பன் டவுனுக்கு லக்கேஜை மறந்து ரயிலேறினான். ஒவ்வொரு சொல்லிலும் முதல் எழுத்தைச் சொன்னால் போதும், கண் பாஸ். சலவை நிறுவனத்து டிரைவர்களும் ஆஸ்பத்திரி டிரைவர்களும் அந்த நண்பனை வருடக்கணக்காக ரயிலேற்றி அனுப்பிக்கொண்டிருந்தார்கள்.

மாதக் கடைசி நெருங்கியதும், வேறு வழியில்லாமல், கழுகு கிளினிக்குக்குப் போனார். மாடிப்படி ஏறும்போதே நண்பனை இரண்டு தடவை ரயிலேற்றிப் பார்த்துக்கொண்டார். அறைக்குள் புது பெயிண்ட் வாசனை. டாக்டர் அம்மா திரும்பி நின்று கை கழுவிக்கொண்டிருந்தார்.

"உக்காருங்க, வந்துட்டேன்," என்றார்.

எழுத்து அட்டை எப்போதும் தொங்குகிற இடத்தில் வெள்ளையாக, நடுவில் கறுப்புக் கறுப்பாக ஏதோ தொங்கியது. கழுகுக்கு அது போதும். சட்டுபுட்டென்று முடித்துக்கொண்டு கிளம்பிவிடலாம் என்று இடது கண்ணைப் பொத்திக்கொண்டார். "கடைசி வரி படிக்கிறேன் மேடம். ப, ந, டவுன்..." நாக்கு பிசகியது. கனைத்துக்கொண்டு, "ட, ல, ம, ர," என்று முடித்தார். கேட்காமலேயே வலது கண்ணைப் பொத்திக்கொண்டு இன்னொரு தடவை ஒப்பித்தார்.

டாக்டர் அம்மா நிதானமாகக் கையைத் துடைத்தார்.

"ரொம்ப நல்லாப் படிச்சீங்க," என்றார். "ஆனா அது காலண்டர். சுவருக்கு பெயிண்ட் அடிச்சோம். எழுத்து அட்டை அந்த அலமாரி மேல சுருட்டி வெச்சிருக்கு."

கழுகு பேந்தப் பேந்த விழித்தார். முகத்தில் அசடு வழிந்தது. பொத்திய கையை எடுக்கக்கூட மறந்து உட்கார்ந்திருந்தார்.

"வேன்ல என்ன ஏத்துறீங்க?"

"ஆஸ்பத்திரித் துணி, மேடம்."

"நல்லவேளை, ஆள் ஏத்தலை. ஆனா ரோட்டுல ஆளுங்க நடக்குறாங்களே?"

கழுகு பொத்திய கையை மெல்ல இறக்கினார். டாக்டர் அம்மா அவர் கண்ணில் டார்ச் அடித்துப் பார்த்தார், மேலே கீழே பார்க்கச் சொன்னார், அப்புறம் மேஜைக்குப் போய் உட்கார்ந்தார். "புரை எதுவும் தெரியலை. பவர்தான் ஏறியிருக்கும்னு நினைக்கிறேன். போய்ச் சோதிச்சு, கண்ணாடி போட்டுட்டு வாங்க, அதே நிமிஷம் கையெழுத்துப் போடறேன். போடாம வந்தா, நீங்க எந்த நண்பனை ரயில் ஏத்தினாலும் போட மாட்டேன்."

நண்பன் விஷயம் இவருக்கு எப்படித் தெரியும் என்று கேட்கிற தெம்பு கழுகுக்கு இல்லை. படியிறங்கி வந்தார்.

வீட்டுக்கு வந்தபோது மனைவி சமையலறையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

"கட்டணத்தை மறுபடி ஏத்திட்டாங்களாம். இந்த மாசம் கட்டுப்படியாகாது. பாக்கலாம்," என்றார் கழுகு. பொய் சொல்லும்போது அவர் குரல் கொஞ்சம் உரத்து வரும். அது அவருக்குத் தெரியாது.

அவள் கையைத் துடைத்துக்கொண்டு போய், துணி அலமாரியிலிருந்து ஒரு பர்ஸை எடுத்து வந்து அவர் முன்னால் வைத்தாள்.

"இதுல லைசென்ஸுக்கும் இருக்கு. கண்ணாடிக்கும் இருக்கு."

"கண்ணாடியா? யாருக்கு?"

"எனக்கு இல்லைங்க. நான் இன்னும் ஊசியில நூல் கோக்குறேன்."

கழுகுக்கு மூஞ்சி தொங்கிப்போயிற்று. உனக்கு யார் சொன்னது என்று எகிறப் பார்த்தார். அவள் விடவில்லை.

"போன வருஷம் சாயங்கால ட்ரிப்பை உங்ககிட்டேருந்து எடுத்து நெட்டையனுக்குக் குடுத்தாங்களே, ஞாபகம் இருக்கா? பழைய மேனேஜர் கால்ல விழாத குறையா கேட்டு மாத்துனது நான்தான். இருட்டுல நீங்க ஓட்டிட்டு வர்ற வரைக்கும் உசுரைக் கையில பிடிச்சுக்கிட்டு இருப்பேன்."

அந்த ட்ரிப் போன கோபத்தில் நெட்டையனோடு மாதக்கணக்கில் முகம் கொடுத்துப் பேசாமல் இருந்தவர் கழுகு. இப்போது சுர்ரென்று கோபம் ஏறியது. ஏறிய வேகத்திலேயே இறங்கியும் விட்டது. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். இரண்டு வாரமாக மென்று விழுங்கிக்கொண்டிருந்ததைச் சொன்னார். ஒரு மழை நாளில், ஆஸ்பத்திரிக்கு முந்தின திருப்பத்தில், குடையோடு ஒரு அம்மா ரோட்டைக் கடந்தாள். வேன் மூக்கு அவள் குடையைத் தொடுகிற அளவுக்குப் போய் நின்றது. அவள் வேன் முகப்பைக் கையால் இரண்டு தட்டுத் தட்டிவிட்டுப் போனாள்.

"திட்டியிருந்தாக்கூடத் தாங்கியிருப்பேன். தட்டிட்டு அவபாட்டுக்குப் போயிட்டா. குடை கிட்ட வர்ற வரைக்கும் அது எனக்குத் தெரியவே இல்லை."

மனைவி நின்றபடியே சுவரில் சாய்ந்துகொண்டாள்.

"அன்னிக்கே சொல்லியிருக்கலாம்ல?"

"சொன்னா மீசை பக்கத்துல எனக்கும் ஒரு ஸ்டூல் போட்டுருவாங்க."

"மீசைக்குக் கண்ணாடி போட்டும் தெரியலை, உக்காந்தாரு. நீங்க கண்ணாடியே போட மாட்டேன்னு அடம்பிடிச்சு உக்காரப் போறீங்களா?" என்றாள். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு, "நானும் வாயை மூடிட்டு இருந்தது தப்புதான். சொன்னா மனசு ஒடிஞ்சிருவீங்கன்னு இருந்துட்டேன். யாரு தலையிலயாவது விடிஞ்சிருந்தா அந்தப் பாவத்துல எனக்கும் பங்கு இருந்திருக்கும்," என்றாள்.

மறுநாள் கழுகு லீவு போட்டார். கண்ணாடிக் கடையில் பழக்க தோஷத்தில் விலைக்கு ஒரு மூச்சு சண்டை போட்டார். இருக்கிறதிலேயே மலிவான பிரேமைத்தான் எடுத்தார். கண்ணாடி தயாரானதும் மாட்டிக்கொண்டு வாசலில் இறங்கினார். எதிர் மாடியில் காயப்போட்டிருந்த சட்டையில் ஒரு பொத்தான் இல்லை. காலரில் மஞ்சள் கறை சரியாகப் போகவில்லை. சாலையைக் கடக்கக் காத்திருந்த பள்ளிக்கூடத்துப் பெண்ணின் ரிப்பன் அவிழ்ந்து தொங்கியது. முதலில் சந்தோஷமாக இருந்தது. அடுத்த நொடி, இதையெல்லாம் பார்க்காமலா இத்தனை நாள் இந்தத் தெருக்களில் வண்டியை விட்டோம் என்று நினைத்ததும் கடைப்படியிலேயே சற்று நேரம் உட்கார்ந்துவிட்டார்.

கிளினிக்கில் எழுத்து அட்டை பழைய ஆணிக்கே திரும்பியிருந்தது. டாக்டர் அம்மா கடைசி வரியைப் பின்னாலிருந்து படிக்கச் சொன்னார். கழுகு ஒவ்வொன்றாகப் பார்த்துப் படித்தார். "நண்பன் திரும்பி வந்துட்டான்," என்று சிரித்தபடி டாக்டர் அம்மா கையெழுத்துப் போட்டார். லைசென்ஸ் ஆபீஸில் ஒரு தடங்கல். கண்ணாடியோடு ஓட்ட வேண்டும் என்று சான்றிதழில் இருக்கிறது, ஆகையால் போட்டோவும் கண்ணாடியோடு வேண்டும் என்றார்கள். ஏற்கெனவே எடுத்த போட்டோ வீண். "பாத்தீங்களா, இதுக்கும் ஒரு செலவு!" என்று கழுகு போட்டோக் கடை வரைக்கும் புலம்பிக்கொண்டே போனார். ஆனால் போட்டோவில் பல் தெரிகிறது.

புது மாதம் பிறந்தது. மேனேஜர் லைசென்ஸைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுச் சாவியைக் கொடுத்தார். பிரிக்கும் அறைப் பக்கம் போய், அந்த டாக்டர் அம்மாவிடம் ஒரு நடை வந்து பாருங்கள் என்று மீசையை நச்சரித்துவிட்டு, கழுகு கட்டுகளை ஏற்ற வந்தார்.

இரண்டு வேன்களும் ஏற்றுமிடத்தில் அடுத்தடுத்து நின்றன. நெட்டையன் வேனின் பின்கதவு திறந்திருந்தது. உள்ளே இருந்த கட்டுகளில் செருகியிருந்த அட்டைகளைக் கழுகு சும்மா பார்த்தார். சின்னச் சின்ன எழுத்து. பேனாவால் ஒரு மூலையில் எழுதியிருந்தது. கண்ணாடியோடும் கிட்டப் போய்த்தான் படிக்க முடிந்தது. இந்த எழுத்துக்கு நெட்டையன் வார்டு மாற்றி இறக்காமல் என்ன செய்வான் என்று நினைத்துக்கொண்டே தன் வேன் பக்கம் திரும்பினார்.

அவருடைய அட்டைகளில் எழுத்து ஒவ்வொன்றும் உள்ளங்கை அகலம். தடித்த கறுப்பு மார்க்கரால், அட்டை முழுக்க, ஒன்றின் மேல் ஒன்று இடிக்காமல், நிறுத்தி நிதானமாக எழுதியிருந்தது. அட்டையும் நெட்டையன் அட்டையைப் போல இரண்டு மடங்கு. ஏதோ பழைய அட்டைப் பெட்டியை வெட்டி எடுத்தது. ஒரு கட்டில் நேற்று எழுதியது, இன்னொன்றில் போன மாதத்து அட்டையையே திரும்பச் செருகியது, வேன் மூலையில் எப்போதோ விழுந்து மக்கிக் கிடந்தது ஒன்று. எல்லாவற்றிலும் அதே பெரிய எழுத்து. கீழே கிடந்ததை எடுத்துத் தூசி தட்டிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

மடிப்புப் பிரிவுக்குப் போனார். மனைவி இன்னொரு பெண்ணோடு விரிப்பின் இரண்டு முனைகளைப் பிடித்து உதறிக்கொண்டிருந்தாள். இவர் வந்து நிற்பதைப் பார்த்தாள், கையில் இருந்த அட்டையையும் பார்த்தாள், விரிப்பை மடித்தாள். அவள் நெற்றியில் வியர்வையோடு ஒட்டிக்கிடந்த நூல் பிசிறு வாசலிலிருந்தே அவருக்குத் தெரிந்தது.

"இனிமே சின்னதாவே எழுதும்மா," என்றார் கழுகு.

அவள் தோளால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"சரி. மார்க்கர் செலவாவது மிச்சமாகட்டும்," என்றாள்.