கப் வென்ற நாளின் தண்ணீர்க் காவல்

அந்தக் கப்பை நாங்கள் வென்ற கதையை எங்கள் ஊரில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். ஆனால் முழு ஆட்டத்தையும் உயரத்தில் நின்று பார்த்தவள் நான் ஒருத்திதான். மைதானத்தைச் சுற்றி நின்றவர்களுக்குப் புழுதிதான் தெரிந்திருக்கும்.

எங்களுடையது குளத்துக்குக் கீழே அமைந்த குடியேற்றத் திட்டம். வாய்க்காலின் இலக்கமே ஊருக்குப் பெயர். குளத்துக்குக் கிட்ட மூன்றாம் வாய்க்கால், கடைசியில் எட்டாம் வாய்க்காலான நாங்கள். தண்ணீர் அவர்களைத் தாண்டித்தான் எங்களுக்கு வரவேண்டும். உதைபந்தாட்டக் கப்போ அவர்களைத் தாண்டி ஒருநாளும் வந்ததில்லை. அவர்கள் கழகத்துப் பெடியள் கோயில் திருவிழாவில் எங்களைக் கண்டால், 'என்ன, கடைசி வாய்க்கால்?' என்று நெளிப்புக் காட்டுவார்கள். பத்து வயதிலேயே எனக்கு அதைக் கேட்டால் பத்திக்கொண்டு வரும்.

கலவரத்துக்கு அடுத்த வருடம், மழையில்லாத சிறுபோகத்தில், அவர்களுக்கும் எங்களுக்கும் இறுதியாட்டம் வந்தது. வந்ததோ எங்கள் முறைத் தண்ணீர் நாளில். முறை நாளில் மூன்றாம் வாய்க்காலின் வாயைப் பலகை போட்டு, சேறு அப்பி அடைத்தால்தான் தண்ணீர் எங்கள் வயலுக்கு இறங்கும். காவல் இல்லாவிட்டால் யாராவது பலகையைத் தூக்கிவிடுவார்கள். அதற்காக மண்வெட்டியால் மண்டை உடைந்த கதைகளும் உண்டு. ஆண்கள் எல்லோரும் மைதானத்துக்குப் போகிறார்கள், அப்பாதான் கோல் காப்பாளர். பலகைக்கு யார் காவல்?

"நீங்கள் பந்தைப் பிடியுங்கோ. பலகையை நான் பிடிக்கிறன்" என்றா அம்மா. அதோடு விட்டிருக்கலாம். துணைக்கு என்னையும் இழுத்துக்கொண்டு போனா. நான் வழிநெடுக ஒப்பாரி வைத்தேன்.

வாய்க்கால் கரையில் ஒரு மருதமரம். ஏறிப் பார்த்தால், ஐயோ, பள்ளிக்கூட மைதானம் முழுவதும் உள்ளங்கையில்! அப்பாவின் சிவப்புப் பெனியன்கூடத் தெரிந்தது. ஒப்பாரி அதோடு நின்றது.

ஆட்டம் தொடங்கிச் சற்று நேரத்தில் கரை வழியே ஒரு பெண் மண்வெட்டியோடு வந்தா. மூன்றாம் வாய்க்கால் கப்டனின் மனைவி. அவர்களுடைய வயல் அந்த வாய்க்காலின் கடைக்கோடியில்.

"அம்மா, தண்ணிக் கள்ளர் வருகினம்!" என்று மேலேயிருந்து கத்தினேன்.

"வாயை மூடடி" என்றா அம்மா. வந்தவா அம்மாவுக்குப் பக்கத்தில் குந்தினா. இருவரும் மெதுவாக எதையோ கதைத்தார்கள். நான் கவனிக்கவில்லை. அந்த நேரம் பார்த்து மூன்றாம் வாய்க்கால்காரர் முதல் கோலைப் போட்டார்கள்.

மைதானம் அதிர்ந்தது. கப்டனின் மனைவி நிமிர்ந்து, "ஆட்டம் முடிய இன்னும் எவ்வளவு நேரம் பிள்ளை?" என்று கேட்டா. வென்றுகொண்டு இருக்கிறார்கள், அந்தத் திமிரில் கேட்கிறா என்று நினைத்தேன். "இன்னும் பாதி கிடக்கு, அவசரப்படாதேங்கோ" என்றேன்.

இடைவேளைக்குப் பிறகு எங்கள் அணி அண்ணன் ஒருவர் கோலைத் திருப்பிப் போட்டார். மலையகத் தோட்டத்திலிருந்து கலவரத்தில் துரத்தப்பட்டு வந்து எங்கள் வயல்களில் வேலை செய்தவர். சப்பாத்து இல்லை, வெறுங்கால். மரக்கொப்பு முறிய நான் குதித்தேன். அவா மறுபடியும், "இன்னும் எவ்வளவு நேரம் பிள்ளை?" என்றா. "கொஞ்சம்தான். உங்கட ஆக்களுக்கு அது காணாது!"

கடைசியில் அவர்களுக்கு ஒரு பெனால்ரி. உதைக்க வந்தவர் கப்டனேதான். அப்பா இடப்பக்கம் விழுந்தார், பந்து நெஞ்சோடு. எழும்பி ஓங்கி உதைத்த அதே பந்தைத்தான் வெறுங்கால் அண்ணன் பாதி மைதானம் கொண்டோடி உள்ளே தள்ளினார். உடனே விசிலும் ஊதியது.

"உங்கட ஆள் அடிச்சதை எங்கட அப்பா பிடிச்சிட்டார்! வெண்டிட்டம்! கடைசி வாய்க்கால் வெண்டிட்டுது!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். கீழே பார்த்தால் அவா முந்தானையால் கண்ணைத் துடைக்கிறா. தோல்வி தாங்கவில்லையாக்கும் என்று எண்ணி, இன்னும் இரண்டு தரம் கத்தினேன். அப்படி ஒரு சந்தோசம் எனக்கு அதன் பிறகு அதிகம் வாய்க்கவில்லை.

சறுக்கி இறங்கியபோது அவா போய்விட்டா. பலகையைச் சுற்றி அப்பியிருந்த சேறு புதுச்சேறு. அம்மாவின் கை முழங்கை வரை சேறு. மூன்றாம் வாய்க்காலின் உள்பக்கம் ஈரமாய் மினுங்கியது.

"அம்மா! எங்கட தண்ணி அங்கால போயிருக்கு!"

"ஆருக்கும் வாய் திறந்தாயெண்டா கப்பைக் கண்ணாலயும் காணமாட்டாய்."

கப்புக்காக வாயை மூடினேன். உழவு இயந்திரத்தில் ஊர்வலம் வந்தது. அப்பா என்னைத் தூக்கிச் சில்லுக்கு மேல் மட்காட்டில் இருத்தி, கப்பை மடியில் தந்தார். எட்டாம் வாய்க்கால் முழுவதும் வெடிச்சத்தம். வீட்டில் அந்தக் கப்பிலேயே தேத்தண்ணி ஊற்றினார்கள்.

வயலைப் பார்த்துவிட்டு வந்த அப்பா, "அந்த மூலை நனையேல்லையே?" என்றார்.

"கப் நனைஞ்சிட்டுதுதானே, குடியுங்கோ" என்றா அம்மா. அப்பா அவவை ஒருதரம் பார்த்துவிட்டுக் குடித்தார்.

தோற்றவைக்கு அம்மா ஆறுதல் பரிசாய்த் தண்ணீர் கொடுத்தா என்றே நான் வெகுகாலம் நம்பினேன். நானே கலியாணம் முடித்து வயல் செய்யத் தொடங்கிய பிறகு ஒருநாள் அம்மா சொன்னா. அவர்களுடைய முறை நாளில் கப்டன் பந்துப் பயிற்சிக்குப் போய்விட்டாராம். வந்த தண்ணீர் முழுவதும் மேல்வயல்களோடு நின்றுவிட்டது. நெல்லோ குடலை தள்ளி, கதிர் வெளிவரப்போகிற பருவம். அன்று விட்டால் அடுத்த முறைக்கு முன் கருகிவிடும். அவா வந்த கொஞ்சநேரத்திலேயே அம்மா பலகையைத் தூக்கிவிட்டாவாம்.

கோல் கணக்கை அவா ஒருதரமும் கேட்கவில்லை. ஆண்கள் திரும்பி வருமுன் தன் வயலுக்கு எவ்வளவு தண்ணீர் பாயும் என்றுதான், மரத்தில் நின்ற என்னை அண்ணாந்து பார்த்து, நேரம் கேட்டிருக்கிறா.