அண்ணன் அழித்த ஊர்

ஒரு கடைக்காரன் ஒரு ஊரையே அழித்துவிட்டானாம். நாலாயிரத்துச் சொச்சம் பேராம், குஞ்சு குளுவான்கூட மிச்சமில்லையாம். ஆபீஸ் சமையலறையில் மைக்ரோவேவுக்கு முன்னால் வரிசையில் நின்றபோது கணக்குப் பிரிவு அம்மாள் இதை எனக்குச் சொன்னார். அவருக்குச் சொன்னது ஊரில் இருக்கும் தங்கை. தங்கைக்கு ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. அழிந்த ஊரின் தலைவருடைய மகளும் அங்கேதான் வேலை பார்க்கிறாராம். தலைவருக்கு இன்னும் விஷயமே தெரியாதாம். தினமும் ஊரின் நலம் விசாரித்துக்கொண்டு இருக்கிறாராம்.

வெளிநாட்டில் இருப்பவனுக்கு ஊரிலிருந்து எந்தச் சேதி வந்தாலும் முதலில் தன் வீட்டு முகங்கள்தான் வரும். அப்புறம்தான் காது கேட்கும். சும்மா கேட்பதுபோல, கடை எந்தப் பக்கம் என்று கேட்டேன். ஏதோ மாடிப்படிக்கு அடியிலாம், சாவி வெட்டும் கடைக்கும் ஜெராக்ஸ் கடைக்கும் நடுவிலாம்.

மைக்ரோவேவ் மணி அடித்தது. என் முறை. நான் சோற்றை மறந்து படிக்கட்டுக்கு ஓடிப் போன் போட்டேன். முதல் மணியிலேயே எடுத்துவிட்டார்.

"ஊரு நல்லா இருக்கு சார்," என்றார் என் பெரியப்பா மகன்.

"அண்ணா, நான்தான்."

"நீயா," என்றார். அப்புறம் நடந்ததை முதலிலிருந்து சொன்னார்.

அண்ணனுக்கு நாற்பத்தொரு வயது. கையில் பிடித்து ஆடும் கேம் செட்டுகளில் கேம் ஏற்றித் தருவது தொழில். அந்தத் தெருவில் அவருக்குக் கார்டு அண்ணன் என்று பெயர். கடைக்குள் இரண்டு பேர் நிற்கலாம். மூன்றாவது ஆள் வந்தால் ஒருவர் படிக்கட்டின் சரிவுக்குக் கீழே தலையைக் குனிந்துகொள்ள வேண்டும். மேசையில் ஒரு கம்ப்யூட்டர், ஒரு பூதக்கண்ணாடி விளக்கு, இடுக்கிகள், ஸ்க்ரூ போட்டு வைக்கும் மாத்திரை டப்பா. சுவரில் ஆணியடித்து வரிசையாகப் பிளாஸ்டிக் உறைகள், ஒவ்வொன்றிலும் நகம் அளவுக்கு ஒரு மெமரி கார்டு.

பெண் பார்க்கப் போன இடங்களில் எல்லாம் ஒரே பேச்சுதான் நடந்தது. பையன் என்ன செய்கிறார் என்பார்கள். கேம் போட்டுத் தருகிறார் என்போம். அது சரி, வேலை என்ன என்பார்கள். பதினோரு வீடு இப்படிப் போனது. பன்னிரண்டாவதற்குப் பெரியம்மாவே வரமாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டார்.

ஆனால் அவர் தொழிலில் ஒரு குறை சொல்ல முடியாது. அவருக்கு இரண்டு நியமங்கள் உண்டு. எந்தக் கார்டு கைக்கு வந்தாலும், அதை நிரம்ப நிரப்பி, நிரப்பியதைத் திரும்பப் படித்துப் பார்க்காமல் செட்டில் போட மாட்டார். சந்தையில் போலிக் கார்டுகள் ஏராளம். வெளியே பெரிய எண்ணைப் போட்டிருப்பான், உள்ளே கால்வாசிகூட இருக்காது. எதைக் கொடுத்தாலும் "வெற்றி" என்று சொல்லி வாங்கிக்கொள்ளும், வாங்கியதை எங்கேயும் வைக்காது. இரண்டாவது நியமம், வாடிக்கையாளரின் ஆட்டம் எதைத் தொடுவதற்கு முன்னாலும் ஒரு நகல் எடுத்துத் தன்னிடம் வைத்துக்கொள்வார். பதினைந்து வருஷத்தில் பாதியில் விட்ட ஒரு பந்தயம்கூட அவரிடம் தொலைந்ததில்லை.

அப்படிப்பட்டவரிடம்தான் இன்ஸ்பெக்டர் வந்து சேர்ந்தார்.

இன்ஸ்பெக்டர் என்றால் போலீஸ் இல்லை, லிஃப்ட் இன்ஸ்பெக்டர். முப்பத்தாறு வருஷம் கட்டடம் கட்டடமாக ஏறி லிஃப்ட்டுகளைச் சோதித்து, ஓடலாம் அல்லது ஓடக்கூடாது என்று கையெழுத்துப் போட்டவர். ஓய்வு பெற்ற பிறகும் கை சும்மா இருக்கவில்லை. அக்கம்பக்கத்துக் கட்டடங்களின் லிஃப்ட்டில் ஏறி, கண்ணை மூடிச் சத்தம் கேட்டுக்கொண்டு மேலும் கீழும் போய்வந்தார். புகார்கள் வந்தன. அவருடைய மகள் ஒரு கேம் செட் வாங்கி, அண்ணனிடம் கொண்டுவந்து, அப்பாவுக்கு ஏற்றமாதிரி ஏதாவது போட்டுக் கொடுங்கள் என்றார்.

மகளுக்கு முப்பத்துநாலு வயது. நாளெல்லாம் அடுத்தவர் கையில் ஊசி குத்தி ரத்தம் எடுப்பவர். எதற்கும் பதறமாட்டார். அண்ணன் யோசித்து, ஒரு ஊரைக் கட்டி ஆளும் கேமைப் போட்டுக் கொடுத்தார். அது நடந்து இரண்டு வருஷம். அந்த இரண்டு வருஷத்தில் அந்த அம்மாள் செட்டைத் துடைக்க, பட்டனை இறுக்க என்று முப்பது தடவையாவது கடைக்கு வந்திருக்கிறார். அவ்வளவு அழுக்கு எந்தச் செட்டிலும் சேராது என்பது அண்ணனுக்கே ஏழெட்டு மாதம் கழித்துத்தான் உறைத்தது.

இன்ஸ்பெக்டர் தன் ஊரை ஆண்ட விதம் தனி. நாலாயிரத்து நூற்றுப் பன்னிரண்டு பேர் வாழ்ந்த அந்த ஊரில் மூன்று மாடிக்கு மேல் ஒரு கட்டடம் கிடையாது. கேமுக்குள் போய் லிஃப்ட்டைச் சோதிக்க வழியில்லை, சோதிக்காத லிஃப்ட்டில் நான் ஜனங்களை ஏற்றமாட்டேன் என்றார். ஆஸ்பத்திரியை மாடி இல்லாமல் தெருநீளத்துக்கு இழுத்துக் கட்டினார். பழைய லிஃப்ட் பதிவேடு ஒன்றில் ஒவ்வொரு வீடு, குழாயடி, பெஞ்சு, எல்லாவற்றையும் தேதி போட்டு எழுதி வைத்தார்.

கல்யாணப் பேச்சை மகளே எடுத்தார். இன்ஸ்பெக்டர் வேண்டாம் என்று சொல்லவில்லை, சரி என்றும் சொல்லவில்லை. கடைக்கு வந்து படிக்கட்டைத் தட்டிப் பார்த்தார், சுவிட்ச் பலகையை முகர்ந்து பார்த்தார். ஊர் பெருகி கார்டில் இடம் போதவில்லை, அதை மாற்றிக் கொடுங்கள், வேலையைப் பார்த்துவிட்டு முடிவு சொல்கிறேன் என்றார். புதுக் கார்டைத் தானே வாங்கி, உறை பிரிக்காமல் கொண்டுவந்திருந்தார்.

மாமனார் ஆகப்போகிறவர் கையோடு கொண்டுவந்த கார்டை, அவர் கண்ணெதிரே போலியா என்று சோதிப்பது எப்படி? அண்ணன் சோதிக்கவில்லை. பதினைந்து வருஷத்தில் முதல் தடவை.

நகல் எடுக்கக் கம்ப்யூட்டரைத் தொட்டதும் இன்ஸ்பெக்டர் தடுத்தார். ஒரு சான்றிதழ் இரண்டு இருந்தால் அதில் ஒன்று மோசடி, என் ஊர் இரண்டு இடத்தில் இருக்கக்கூடாது, நகல் வேண்டாம், இடமாற்றம் மட்டும் என்றார். அண்ணன் தலையாட்டினார். இடமாற்றம் நடந்தது. திரையில் "வெற்றி" என்று வந்தது. பழைய கார்டில் ஒரு செங்கல்கூட மிச்சம் இருக்கக்கூடாது, துப்புரவாகத் துடைத்துவிடுங்கள் என்றார் இன்ஸ்பெக்டர். துடைத்தார். ஒரு தடவை துடைத்தால் போதுமா என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். அண்ணன் இன்னொரு தடவையும் துடைத்தார். இன்ஸ்பெக்டர் திருப்தியோடு, ஒரு பட்டன் கொஞ்சம் ஆடுகிறது, அதையும் சரிசெய்து வையுங்கள், நாளைக்கு வருகிறேன் என்று செட்டை விட்டுவிட்டுப் போனார்.

அவர் தெருமுனையைத் தாண்டிய பிறகு அண்ணன் செட்டைப் போட்டுப் பார்த்தார். பச்சைப் புல்வெளி. நடுவில் ஒரு பலகை. புதிய ஊரைத் தொடங்க விருப்பமா என்று கேட்டிருந்தது.

"நீ சொல்லு, நான் வேற என்ன பண்ணியிருக்க முடியும்?" என்று அண்ணன் என்னைக் கேட்டார்.

கார்டு போலி என்று நேராகச் சொல்லிவிடலாமே என்றேன். முப்பத்தாறு வருஷம் சோதித்தவரிடம் போய், நீங்கள் கொண்டுவந்ததுதான் போலி என்று எந்த வாயால் சொல்வது என்று திருப்பிக் கேட்டார். அதுவும் நியாயம்தான்.

அதற்குள் அண்ணன் பெரிய காரியம் ஒன்றில் இறங்கியிருந்தார். பட்டன் வெளியூரிலிருந்து வரவேண்டும் என்று இன்ஸ்பெக்டரிடம் சொல்லிவிட்டு, போலி இல்லாத ஒரு கார்டைப் போட்டு, அந்த ஊரை மறுபடி கட்ட உட்கார்ந்தார். மகளிடம் மட்டும் உண்மையைச் சொன்னார். அவர் திட்டவில்லை. அப்பா குளிக்கப் போகும் இருபது நிமிஷத்தில் பதிவேட்டைப் பக்கம் பக்கமாகப் போட்டோ எடுத்து அனுப்பினார். அவரை அண்ணி என்று சொல்லலாமா, இன்னும் கூடாதா என்று எனக்குப் பயம். ஆனால் அப்படிப்பட்ட ஒருவரை வேறு என்னவென்று சொல்வது?

பதிவேட்டில் எல்லாம் இருந்தது. மூன்றாம் தெரு, தபால் நிலையத்துக்கு வடக்கே இரண்டு பெஞ்சு, ஒன்று சாய்மானம் இல்லாதது. ஆனால் அந்தக் கேமில் ஊர் ஒரேயடியாக வளராது. ஒரு நாள் கழிந்தால்தான் மரம் ஒரு விரல் உயரும், ஆட்கள் குடிவருவார்கள். எழுநூற்று முப்பத்தொரு நாள் கழியவேண்டும். அண்ணன் செட்டின் தேதியை ஒரு நாள் தள்ளிவைப்பார், கேமைத் திறப்பார், திரையில் நகராட்சி எழுத்தர் வந்து காலை வணக்கம் தலைவரே என்பார், அண்ணன் மரங்களுக்குத் தண்ணீர் ஊற்றுவார், மூடுவார், மறுபடி தேதியைத் தள்ளுவார். ஒரு நாளைக்கு முப்பத்திரண்டு காலை வணக்கம். மதிய இடைவேளையில் அண்ணி வந்து அதில் ஐந்தாறு நாளைக் கழித்துவிட்டுப் போவார்.

இதற்கு நடுவே தினமும் காலை பதினோரு மணிக்கு இன்ஸ்பெக்டரின் போன். முதலில் பட்டன் வந்ததா என்று கேட்பார். அப்புறம் ஊர் எப்படி இருக்கிறது என்பார்.

"நல்லா இருக்கு சார்."

மழை பெய்ததா என்பார். லேசாக, சார் என்பார் அண்ணன். ஆஸ்பத்திரிப் பக்கம் தண்ணீர் தேங்குமே என்பார். தேங்கவில்லை சார், வடிந்துவிட்டது என்பார். அந்த நேரத்தில் ஆஸ்பத்திரிக்கு அஸ்திவாரமே போட்டிருக்கவில்லை. ஒரு நாள் இன்ஸ்பெக்டர், நான் வெளியூர் போயிருப்பதாக ஜனங்களிடம் சொல்லுங்கள், கவலைப்படப் போகிறார்கள் என்றார். சொல்லியாச்சு சார் என்று அண்ணன் சொல்லிவிட்டார். முதல் நாள் சொல்லாமல் விட்டது தவறு, இந்தப் பொய் வேறு ஜாதி என்று என்னிடம் சொன்னார்.

நான் அழைத்தது அந்தக் கட்டத்தில்தான். அதிலிருந்து தினமும் பேசினோம். என் பங்குக்கு நான் செய்தது, பதிவேட்டுப் போட்டோக்களைப் பார்த்துத் தெற்குத் தெரு வீடுகளை எண்ணிச் சரிபார்த்தது மட்டும். ஆபீஸில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து குழாயடி எண்ணிக்கொண்டிருந்தேன்.

இருபத்துமூன்றாம் நாள் ஊர் எழுந்து நின்றது. நாலாயிரத்து நூற்றொன்பது பேர். மூன்று பேர் குறைவு. என்ன தள்ளிப் பார்த்தும் அந்த மூன்று பேர் குடிவரவில்லை. ஊரில் மூன்று பேர் எப்போதும் எங்கேயாவது போயிருப்பார்கள் என்று அண்ணி சொன்னார்.

இன்ஸ்பெக்டர் வந்து செட்டை வாங்கினார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, திறக்காமல், பட்டனை மட்டும் இருபது தடவை அமுக்கிப் பார்த்தார். மூன்று நாள் ஆய்வு, மூன்றாம் நாள் காலை பதினோரு மணிக்குப் பதிவேட்டில் கையெழுத்து, கல்யாணத்துக்கும் அதே கையெழுத்துதான் என்று சொல்லிவிட்டுப் போனார். நான் இங்கே ஆபீஸ் படிக்கட்டில் நின்று பெருமூச்சு விட்டேன். முடிந்தது என்றுதான் நினைத்தேன்.

அண்ணி அன்றைக்குச் சாயங்காலம் கடைக்கு வந்தாராம். படிக்கட்டுச் சரிவுக்குக் கீழே குனிந்து நின்றுகொண்டு, ஊசி போடுவதற்கு முன்னால் சொல்கிற மாதிரி அமைதியாகச் சொன்னாராம்.

"ஊரைக் கட்டுறதுக்கு நான் கூட இருந்தேன், ஏன்னா அது அப்பாவுக்கு வேணும். ஆனா அவர் கையெழுத்துப் போடுறதுக்கு முன்னாடி நீங்க உண்மையச் சொல்லிடணும். ஏமாத்தி வாங்கின கையெழுத்துக்கு நான் வரமாட்டேன். நான் சொல்லவும் மாட்டேன். நீங்கதான் சொல்லணும்."

முதல் நாள் அண்ணன் போகவில்லை. இரண்டாம் நாள் அவர்கள் வீட்டுக் கட்டடம் வரை போய், கீழே லிஃப்ட் முன்னால் நின்றுவிட்டுத் திரும்பிவிட்டார். அந்த இரண்டு நாளும் இன்ஸ்பெக்டரிடமிருந்து பதினோரு மணிப் போன் வரவில்லை. வராததுதான் அதிகப் பயமாக இருந்தது என்றார். ஏதாவது பெஞ்சின் சாய்மானம் மாறியிருப்பதைக் கண்டுபிடித்திருப்பாரா, அந்த மூன்று பேரைத் தேடிக்கொண்டிருக்கிறாரா, ஒன்றும் தெரியவில்லை. அண்ணியைக் கேட்டதற்கு, அப்பா பதிவேட்டில் எழுதிக்கொண்டே இருக்கிறார், என்ன எழுதுகிறார் என்று நான் பார்க்கவில்லை, இனிமேல் பார்க்கவும் மாட்டேன் என்று சொல்லிவிட்டாராம்.

மூன்றாம் நாள் காலை பத்தரைக்கு அண்ணன் என்னை வீடியோவில் கூப்பிட்டார். எனக்கு இங்கே ஒரு கூட்டம். வயிற்றுவலி என்று சொல்லிவிட்டு வெளியே வந்தேன். என்னை மாத்திரை டப்பாவில் சாய்த்து வைத்திருந்தார். சவரம் செய்து, சலவைச் சட்டை போட்டிருந்தார். கடைக்கதவைப் பாதி இறக்கியிருந்தார்.

"நீ ஒண்ணும் பேசாத. சும்மா இரு. யாராவது கூட இருந்தா போதும்."

சரி என்றேன். என்ன சொல்லப்போகிறார் என்று கேட்டேன். கார்டு போலி என்பதைக் கடைசியில் சொல்லலாமா, முதலிலேயே சொல்லலாமா என்று என்னைக் கேட்டார். சோதிக்காமல் விட்டது உங்கள் தப்புதானே அண்ணா, அதிலிருந்து தொடங்குங்கள் என்றேன். கொஞ்சம் யோசித்து, ஆமாம், அதுதான் சரி என்றார். ஒரு சீட்டில் அதை எழுதிக்கொண்டார்.

பத்து நாற்பத்தாறுக்கு இன்னொரு போனை எடுத்து இன்ஸ்பெக்டரின் எண்ணைப் போட்டு, ஸ்பீக்கரில் வைத்தார். மணி போனது. எனக்கும் இங்கே கேட்டது. ஏழு, எட்டு. அவர் எழுதிய சீட்டை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார். மணி நின்று, எடுக்கவில்லை என்று ஒரு பெண் குரல் சொன்னது.

போனை வேறு அறையில் வைத்திருப்பார் என்றேன். ஆய்வு நேரத்தில் போனைத் தொடமாட்டார் என்று அண்ணி சொல்லியிருக்கிறார் என்றார் அண்ணன். கிளம்பிப் போய்விடுங்கள் என்றேன். போய்ச் சேர முப்பத்தைந்து நிமிஷம் ஆகும், அதற்குள் கையெழுத்தைப் போட்டுவிடுவார் என்றார்.

பத்து நாற்பத்தொன்பதுக்கு மறுபடி போட்டார். சாவி வெட்டும் கடையில் மெஷின் ஓடத் தொடங்கியது. அண்ணன் போனுக்குப் பக்கத்தில் குனிந்து, எடுத்தால் விட்டுவிடக் கூடாது என்பதுபோல வாயைத் திறந்தபடியே வைத்திருந்தார். மணி போய்க்கொண்டிருந்தது.