தண்ணீர் முறை மாறிய நாளில் கேட்ட துஆ

அஸ்ஸலாமு அலைக்கும் சகோதரிகளே. என் தவறையும் சேர்த்துத்தான் இதைச் சொல்லப் போகிறேன். அதை மறைத்துவிட்டு அல்லாஹ் செய்த உதவியை மட்டும் சொன்னால் அது நன்றியாகாது.

நான் குடவாசலில் இருக்கிறேன். பள்ளிக்கூடத்தில் விளையாட்டு டீச்சராக இருந்தவள். வேலையை விட்ட பிறகு, வீட்டுக்குள்ளேயே மனம் ஒடுங்கிக் கிடக்கும் நம் பெண்களை மாதம் ஒரு சனிக்கிழமை வெளியே அழைத்துப் போக ஆரம்பித்தேன். முதலில் வயல் வரப்பில் ஒரு மணி நேரம் பேசாமல் நடப்போம். அடுத்த ஒரு மணி நேரம் ஒவ்வொருவரும் தனியாக உட்கார வேண்டும். பிறகு சேர்ந்து சாப்பிட்டபடி மனதில் உள்ளதைப் பேசுவோம். மாதக்கணக்கில் வாய் திறக்காதவர்கள்கூடப் பேசினார்கள். ஊரில் புகழ்ந்தார்கள். எனக்கும் பெருமை ஏறிவிட்டது.

போன புரட்டாசியில் பதினோரு பேருடன் போனேன். அதில் சஜிதா புதிது. கணவர் துபாயில். பிறந்த குழந்தை தங்காமல் போனதிலிருந்து யாரிடமும் அவள் பேசுவதில்லை. அவள் மாமியார் என் கையைப் பிடித்து ஒப்படைத்தார். தனிமை வேண்டுமே என்று ஆற்றுக்குள் இருந்த மணல் திட்டில், நாணலுக்குப் பின்னால் அவளை உட்கார வைத்தேன். ஆற்றில் கணுக்கால் அளவு தண்ணீர்தான். ஆனால் மதகிலிருந்து தண்ணீரை முறை வைத்துத் திறந்துவிடுகிற காலம். எப்போது திறப்பார்கள் என்று மதகைப் பார்த்துக்கொள்ளும் லஸ்கரிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. எல்லோருடைய போனையும் வேறு வாங்கி என் பையில் போட்டிருந்தேன்.

நேரம் முடிந்து விசில் ஊதினேன். பத்துப் பேர் வந்தார்கள். போய்ப் பார்த்தால் மணல் திட்டே இல்லை. கலங்கல் தண்ணீர் கரையோரம்வரை ஓடிக்கொண்டிருந்தது.

எந்தப் பக்கம் என்று யோசிக்காமல் கரையில் மேற்கே ஓடினேன். கூப்பிட்டேன். பக்கத்து வயலில் உழுகிற டிராக்டர் சத்தத்தில் என் குரல் எனக்கே கேட்கவில்லை. விழுந்தாளா, அவளாகவே இறங்கினாளா? அந்த நினைப்பு வந்ததும் அப்படியே சேற்றில் நெற்றி பதிய ஸஜ்தாவில் விழுந்தேன். "யா அல்லாஹ், இது என் குற்றம். அந்தப் பிள்ளையைத் தண்டிச்சுடாதே" என்று மட்டும்தான் கேட்க முடிந்தது.

தலையை எடுத்தபோது கிழக்கிலிருந்து யாரோ கையை வீசிக் கூப்பிடுவது தெரிந்தது. நான் தேடியது எதிர்ப்பக்கம்.

அங்கே செல்வி என்ற விவசாயப் பெண், மார்பளவு தண்ணீரில் நாணலைப் பிடித்துக்கொண்டு நின்ற சஜிதாவைத் தன் புடவைத் தலைப்பை வீசிக் கரையேற்றியிருந்தார். சஜிதாவின் கால் சேற்றில் சிக்கியிருந்திருக்கிறது. செல்விக்கும் மூச்சு வாங்கியது.

"மடையைப் பாக்க எங்க வீட்டுக்காரருதாம்மா வருவாரு. இன்னிக்கு என்னமோ நானே போயிட்டு வரலாம்னு தோணுச்சு" என்றார்.

அந்தத் தோணல் யார் தந்தது என்று எனக்குத் தெரியும்.

அதன்பிறகு மூன்று மாதம் நான் யாரையும் எங்கும் அழைத்துப் போகவில்லை. சஜிதாவின் மாமியாரிடம் போய் நடந்ததை மறைக்காமல் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். அவர் உள்ளே போய்விட்டார். தொழுகையில் நிற்கும்போதெல்லாம் அழுகைதான். ஒருநாள் சஜிதாவே என் வீட்டுக்கு வந்தாள்.

"தண்ணி ஏற ஏறத்தான் லாத்தா, நான் வாழணும்னு அல்லாஹ்கிட்ட கேட்டேன். அதுவரைக்கும் கேட்டதே இல்ல. மறுபடி எப்பப் போறோம்?"

மறுபடி அழைத்துப் போகிறேன்; ஆனால் இப்போது யாரையும் கண்ணுக்கு மறைவாக உட்கார வைப்பதில்லை. ஆற்றுக்குள் இறங்குவதில்லை. லஸ்கரைக் கேட்காமல் புறப்படுவதில்லை. புறப்படும் முன் இரண்டு ரக்அத் தொழுது, என் திட்டத்தை அல்லாஹ்விடம் ஒப்படைக்கிறேன். தண்ணீர் இரையும் சத்தம் கேட்டால் எல்லோரையும் ஒருமுறை எண்ணிப் பார்த்துக்கொள்கிறேன்.

சகோதரிகளே, அழகான வார்த்தை வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். தவறு செய்த கையோடு, சேறு பூசிய நெற்றியோடு கேளுங்கள். என்னை அவன் அப்படித்தான் ஏற்றுக்கொண்டான். அல்ஹம்துலில்லாஹ்.