உள்ளே நின்ற பன்னிரண்டு நிமிடம்

சித்தப்பா, நீங்கள் பொய் சொன்னீர்கள். அந்தப் பொய்யில்தான் அப்பாவின் வேலை போனது.

எனக்கு அப்போது ஒன்பது வயது. கும்மிடிப்பூண்டியில் நீங்களும் அப்பாவும் வேலை செய்த தொழிற்சாலைக்குள் ஆயுத பூஜையன்று மட்டும்தான் குடும்பங்களை விடுவார்கள். மெஷின்களை நிறுத்திப் பொட்டு வைத்திருந்தார்கள். இரும்பைப் பதப்படுத்தும் எண்ணெய்த் தொட்டி மட்டும் சூட்டில் இருந்தது. ஆறவிட்டால் மறுநாள் வேலை நடக்காது.

தொட்டியின் சூட்டைக் காட்டி, அளவு மீறினால் அலாரம் அடிக்கும் புரோகிராம் பழைய விண்டோஸில் மட்டுமே ஓடும். அலாரம் கேட்டதும் சூட்டைக் குறைப்பது அப்பாவின் வேலை. பழைய கம்ப்யூட்டர் செத்ததும், புதிய கம்ப்யூட்டருக்குள் ஒரு ஜன்னல் திறந்து அதில் பழையதை அப்படியே ஓட வைத்தீர்கள்.

"புதுசு வயித்துல பழச குந்த வெச்சிக்கீறேன் பாரு. உள்ள சீட்டாட்டம் கீது, ஆடிக்கினு இரு. வேற எதுனா தொட்ட, கைய ஒடிச்சிடுவேன்" என்று சிரித்துவிட்டுப் பொரி வாங்கப் போனீர்கள்.

தொட்டேன். திரையில் அந்த ஜன்னல் ஓரத்தில் இரண்டு கோடு போட்ட பொத்தான். உள்ளே இருந்த படம் வெளிறியது. சீட்டு நகரவில்லை. கடிகாரம் நின்றது. சூட்டைக் காட்டும் எண் நூற்றறுபதில் நின்றது.

கைகளைத் தொடைக்கு அடியில் ஒளித்துக்கொண்டேன். கம்ப்யூட்டர் அறையின் கண்ணாடிக்கு அப்பால், தொட்டியை ஒட்டிய தூணுக்கு அப்பா சந்தனம் வைத்துக்கொண்டிருந்தார். தொட்டியில் புகை கிளம்பியது. எண் மாறவில்லை. புகை கறுத்தது. எண் மாறவில்லை. கத்தினால் நான் தொட்டது தெரிந்துவிடும். கத்தவில்லை.

எண்ணெய் பொங்கி அப்பாவின் கையில் வழிந்தது. பூஜை மேளச் சத்தத்தையும் மீறி அவர் அலறியது கேட்டது.

ஓடிவந்த நீங்கள் அப்பாவைப் பார்க்கவில்லை, திரையைப் பார்த்தீர்கள். பொத்தானைத் தட்டினீர்கள். அதற்குப் பிறகுதான் அலாரம் அடித்தது.

"பாப்பா, நீ ஒண்ணுமே தொடல. இன்னா? யாராண்டயும் வாயத் தொறக்காத."

என்னைக் காப்பாற்றுகிறீர்கள் என்று நம்பினேன். எத்தனை பொங்கலுக்கு உங்கள் காலில் விழுந்திருக்கிறேன்!

வளர்ந்த பிறகுதான் புரிந்தது: உள்ளே இருந்த கடிகாரம் நின்ற இடத்திலிருந்தே மறுபடி ஓடியது, பன்னிரண்டு நிமிடம் பின்தங்கி. அதனால் கம்ப்யூட்டர் பதிவில், விபத்துக்கு முன்பே அலாரம் அடித்ததாக இருந்தது. காரணம் தெரிந்த ஒரே ஆள் நீங்கள். அந்தப் பதிவை அச்செடுத்துத்தான் விசாரணையில் நீட்டினீர்கள். அலாரம் அடித்தும் அசட்டையாக நின்றார் என்று எழுதி, வெந்த கையால் அப்பாவிடம் கையெழுத்து வாங்கினார்கள். மேளத்தில் தனக்குத்தான் கேட்கவில்லை என்று அவர் இன்றும் நினைக்கிறார்.

நான் தொட்டதை எல்லோரும் படிக்க எழுதிவிட்டேன். இனி உங்கள் முறை. அப்பாவையும் சொந்தபந்தத்தையும் வைத்துக்கொண்டு வாயைத் திறந்து சொல்லுங்கள்: எண்ணெய் பொங்கியபோது அலாரம் அடித்ததா?