அக்காவின் கப்பல்காரர்

எங்கள் பள்ளிக்கூடத்தில் ஒரு பெண் கெட்டுப்போய்விட்டாளா என்று கண்டுபிடிக்க யாரும் துப்பறிய வேண்டியதில்லை. மாதத்தின் முதல் வெள்ளிக்கிழமைப் பூசையில் அவள் நன்மை வாங்க எழுந்திருக்கிறாளா என்று பார்த்தால் போதும். ராயபுரத்தில் கன்னியாஸ்திரிகள் நடத்திய பெண்கள் உயர்நிலைப் பள்ளி அது. வெள்ளைக்காரன் போய்ச் சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. முதல் வெள்ளியன்று கத்தோலிக்கப் பிள்ளைகள் எல்லோரும் முக்காட்டோடு கோயிலில் வரிசையாக முழந்தாளிட்டிருப்போம். மணி அடித்ததும் ஒவ்வொரு பெஞ்சாக எழுந்துபோய், பீடத்தருகே நாக்கை நீட்டி நன்மை அப்பத்தை வாங்கிக்கொண்டு, கண்ணைத் தரையில் வைத்தபடி திரும்ப வேண்டும். தரையில் வைப்பதாகப் பேர். உண்மையில் அத்தனை கண்ணும் பெஞ்சில் யார் மிச்சம் என்றுதான் பார்த்துக்கொண்டிருக்கும்.

அந்த நாளில் சட்டம் கடுமை. நடுநிசிக்குப் பிறகு ஒரு சொட்டுத் தண்ணீர் தொண்டையில் இறங்கியிருந்தாலும் நன்மை வாங்கக் கூடாது. சாவான பாவம் ஒன்றைச் செய்துவிட்டுச் சாமியாரிடம் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் பண்ணாமல் இருந்தாலும் வாங்கக் கூடாது. ஆகவே பெஞ்சில் மிஞ்சியவள் தண்ணீர் குடித்தவளாக இருக்க வேண்டும், அல்லது பாவியாக இருக்க வேண்டும். தண்ணீரை யாரும் லட்சியம் செய்ததில்லை. அதில் பேசுவதற்கு என்ன இருக்கிறது?

ஒரு முதல் வெள்ளியில் அப்படி மிஞ்சியவள் என் அக்கா.

அவள் அப்போது ஆறாவது பாரம், எஸ்.எஸ்.எல்.சி. பரீட்சை எழுத வேண்டிய வருஷம். நான் முதல் பாரம். எங்கள் வம்சத்தில் அவ்வளவு தூரம் படித்தவர்கள் ஆணிலும் இல்லை, பெண்ணிலும் இல்லை. பாஸ் பண்ணி, டீச்சர் டிரெயினிங் முடித்து, அதே பள்ளியில் சேலையில் பின் குத்திக்கொண்டு கையில் பிரம்போடு நடக்க வேண்டும் என்பது அவள் ஆசை. அந்தப் பிரம்புக்காகவே கணக்கில் முதலாவதாக வந்தாள் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

என் வகுப்பில் பிலோமினா என்று ஒருத்தி இருந்தாள். அவளுக்கு மேல் வகுப்புகளில் அக்காமார் இருந்ததால் செய்தி வரத்துக்குக் குறைவே இல்லை. முதல் மாதம், "உங்க அக்கா நன்ம வாங்கலியே, இன்னாடி விஷயம்?" என்று மட்டும் கேட்டாள். அடுத்த மாதமும் அக்கா எழுந்திருக்கவில்லை. அதற்குள் பிலோமினாவே விஷயத்தைக் கண்டுபிடித்துவிட்டாள். அக்காவுக்கு ஒரு ஆள் இருக்கிறாராம். ரயில்வேயில் பயர்மேனாம். சனிக்கிழமை சனிக்கிழமை டியூஷன் என்று சொல்லிவிட்டு அக்கா டிராம் ஏறி சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கம் இறங்குவதையும், முகத்தை முந்தானையால் மூடிக்கொண்டு நடப்பதையும் பார்த்தவர்கள் இருக்கிறார்களாம்.

அந்த ஆளுக்கு எங்கள் பள்ளிக்கூடம் கொடுத்த பதவி உயர்வை ரயில்வேகூடக் கொடுத்திருக்காது. கரி அள்ளிப் போட்டுக்கொண்டிருந்தவர் பத்து நாளில் டிரைவராகி, மாதக் கடைசியில் கார்டாகி, கையில் பச்சைக்கொடி பிடித்தார். பிறகு யாரோ அவருக்குத் தொப்பி வைத்தார்கள். தொப்பி வந்ததும் அவர் ஆங்கிலோ இந்தியராகவும் ஆகிவிட்டார். நடுப்பகல் இடைவேளையில் பெரிய பெண்கள் என்னைக் கூப்பிட்டு மிட்டாய் கொடுத்து, அவர் எங்கள் வீட்டுக்கு வந்திருக்கிறாரா, இங்கிலீஷில்தான் பேசுவாரா என்று விசாரிப்பார்கள். மிட்டாயைத் தின்றுவிட்டு அழுதேன். இரண்டையும் ஒரே வாயால் செய்ய முடியும் என்று அப்போதுதான் எனக்குத் தெரிந்தது.

ஒருநாள் தாங்க முடியாமல் அக்காவிடமே கேட்டுவிட்டேன். சண்டை போடுவாள், பிலோமினாவின் ஜடையைப் பிடித்து இழுக்கக் கிளம்புவாள் என்று எதிர்பார்த்தேன். அவளோ சிரித்தாள். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. சுவர்ப்பக்கம் திரும்பிக் கொஞ்ச நேரம் இருமிவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்.

"ரயில்காரர்னா சொல்லிக்கினு கீறாங்க?"

"ஆமா. தொப்பி போட்டவராம்."

"ரயில் வாணாம். ரயில்காரன் சாயங்காலம் வூட்டுக்கு வந்துடுவான். கப்பல்காரர்னு சொல்லு. ரொம்ப தூரம் போற கப்பல்னு சொல்லு."

சொன்னேன். மறுநாளே ரயிலிலிருந்து இறங்கி அவர் கப்பல் ஏறிவிட்டார். அக்கா தன் பேரைத் தானே ஏன் கெடுத்துக்கொள்கிறாள் என்று எனக்குப் புரியவில்லை. ஒருவேளை நிஜமாகவே ஒருவர் இருக்கிறாரோ என்று ஹார்பர் பக்கம் ஊதும் ஒவ்வொரு சங்குக்கும் காதைத் தீட்டிக்கொண்டிருந்தேன்.

வீட்டிலும் எனக்கு அவள்மேல் ஏகப்பட்ட மனத்தாங்கல். அவளுக்கு மட்டும் நீல விளிம்பு வைத்த தனிப் பீங்கான் குவளை, தனித் தட்டு. அதை வேறு யாரும் தொடக்கூடாது. அவளுக்கு மட்டும் பச்சை முட்டை, பால். அம்மாவுக்கு ஆப்ப மாவு அரைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தவள் ஆட்டுரல் பக்கமே வருவதில்லை. அந்த வேலை என் தலையில் விழுந்தது. என்னோடு ஒரே பாயில் படுத்தவள் தனியாக ஜன்னலோரம் படுத்தாள். மேலே விழுந்து கட்டிக்கொள்ளப் போனால், "போடி அந்தாண்ட, பேஜாரு பண்ணாதே" என்று பிடித்துத் தள்ளினாள். கப்பல்காரர் வந்துவிட்டால் தங்கை எதற்கு என்று நினைத்துக்கொண்டேன்.

அப்பா ஹார்பரில் சரக்குத் தூக்கும் வின்ச் ஓட்டினார். அடிக்கச் சட்டென்று கை நீண்டுவிடும் அவருக்கு. நான் தெருவில் நின்று விசில் அடித்ததற்கே முதுகில் வாங்கியிருக்கிறேன். அப்படிப்பட்டவர் ஊரெல்லாம் பேசியும் அக்காவை ஒரு வார்த்தை கேட்கவில்லை. வேலை விட்டு வந்தால் அவள் படித்துக்கொண்டிருக்கும் இடத்துக்குச் சற்றுத் தள்ளி உட்கார்ந்து, பீடியைப் பற்றவைக்காமல் விரலிலேயே உருட்டிக்கொண்டிருப்பார்.

இதற்கெல்லாம் காரணத்தை என் கல்யாணம் ஆகி, அம்மாவும் போன பிறகுதான் சித்தி சொன்னாள். அக்காவுக்கு நெஞ்சில் நோய். டிபி. சனிக்கிழமைகளில் அவள் டிராம் ஏறிப்போனது சென்ட்ரலுக்கு எதிரே இருக்கும் பெரிய ஆஸ்பத்திரிக்கு. பக்கத்திலேயே வேறு ஆஸ்பத்திரி இருந்தும் அங்கே போகவில்லை. அதன் வாசலில் எந்நேரமும் எங்கள் தெருக்காரர்கள் யாராவது உட்கார்ந்திருப்பார்கள். கோயிலில் இருமிவிடக் கூடாதே என்று விடிந்ததும் ஒரு துண்டு அதிமதுரத்தை வாயில் அடக்கிக்கொள்வாள். அதன் சாறு தொண்டையில் இறங்கிவிட்டால் நன்மை வாங்க முடியாது. வாங்கிவிட்டு வாயை மூடிக்கொண்டிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. ஆனால் ஆண்டவர் விஷயத்தில் அவளால் அந்தப் பொய்யைச் செய்ய முடியவில்லை. அதனால் அந்த மடச்சி, ஆண்டவருக்கு உண்மையாக இருந்து ஊருக்குப் பாவியானாள்.

நோய் என்று தெரிந்தால் அன்றைக்கே பள்ளியிலிருந்து அனுப்பிவிடுவார்கள். பரீட்சைவரை எப்படியாவது ஓட்டிவிடுகிறேன் என்று அம்மாவிடம் கெஞ்சியிருக்கிறாள். அம்மாவுக்கு இன்னொரு பயமும் இருந்தது. கப்பல் வந்தால்தான் அப்பாவுக்குக் கூலி. கப்பல் வராத நாளெல்லாம் எங்கள் வீட்டு அடுப்பு அம்மாவின் ஆப்பச் சட்டியால்தான் எரிந்தது. காலையில் ஹார்பர் போகிற கூலிக்காரர்களும் பூசை விட்டு வருகிறவர்களும் எங்கள் வாசலில் நின்று தின்றுவிட்டுப் போவார்கள். "ஓடிப்போனவ வூட்டு ஆப்பத்த தின்னுவாங்க. டிபி வந்தவ வூட்டு ஆப்பத்த எவன் தின்னுவான்?" என்று அம்மா சொன்னாளாம். சித்தி இதைச் சொல்லும்போது அம்மாவைப் போலவே முந்தானையால் கையைத் துடைத்துக்கொண்டாள்.

அந்தக் கணக்கு சரியாகவும் இருந்தது. வதந்தி முற்ற முற்ற எங்கள் வாசலில் கூட்டம் கூடியது. கொருக்குப்பேட்டையிலிருந்துகூட ஒருத்தி நடந்து வந்து ஆப்பம் வாங்கினாள். ஆப்பம் தின்னும் நேரம் முழுக்க வீட்டுக்குள்ளேதான் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பரீட்சைக்குச் சில வாரங்கள் இருக்கும்போது, பள்ளியின் தலைமைக் கன்னியாஸ்திரியான மதர் அம்மாவைக் கூப்பிட்டு அனுப்பினார். நானும் கூடப் போனேன். அம்மா மேலெல்லாம் அடுப்புப் புகை வாசனை. அந்தப் பளபளக்கும் தரையில் செருப்பில்லாத காலை எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றாள். மதர் நல்லவர், வெளியூர்க்காரர். தணிந்த குரலில்தான் கேட்டார்.

"உங்க மகளுக்கு உடம்பு கிடம்பு சரியில்லையா? இல்ல, பிள்ளைங்க சொல்றதுதான் நிஜமா?"

அம்மா சுவரிலிருந்த மாதா படத்தைப் பார்த்தாள். அவ்வளவு நேரம் ஒரு படத்தை யாரும் பார்த்து நான் கண்டதில்லை. பிறகு தலையைக் குனிந்துகொண்டாள்.

"உடம்புக்கு ஒண்ணுமில்ல மதர். புள்ளைங்க சொல்றதுதான் நெசம். வயசுக் கோளாறு."

இனி அக்காவை அனுப்ப வேண்டாம் என்று மதர் சொல்லிவிட்டார். மற்றப் பிள்ளைகள் கெட்டுவிடக் கூடாதல்லவா. அக்கா பரீட்சை எழுதவில்லை. செய்தியைக் கேட்டு அவள் அழவும் இல்லை. கணக்குப் புத்தகத்தை எடுத்து, விட்ட இடத்திலிருந்து போட ஆரம்பித்தாள். அம்மாதான் போய் அதை மெதுவாக மூடிவைத்தாள்.

கொஞ்ச நாளில், ஆப்பத்துக்கு அடுப்பு மூட்டும் நேரத்தில், வாசலில் ஒரு ஜட்கா வந்து நின்றது. தகரப் பெட்டி ஏறியது. சித்தி ஏறினாள். அம்மாவின் கல்யாணச் சேலையைக் கட்டிக்கொண்டு அக்கா ஏறினாள். கப்பலுக்குப் போகிறாள் என்று நான் நினைத்தேன். எனக்குத் தெரியாது, பீச் ஸ்டேஷனில் மின்சார ரயில் பிடித்துத் தாம்பரம் டிபி சானடோரியத்துக்குப் போகிறாள் என்று. அந்தச் சேலையைக் கட்டச் சொன்னது தெருவுக்காகத்தான். குழாயடியில் குடத்தோடு நின்றவர்கள் குடம் வழிவதையும் மறந்து பார்த்தார்கள்.

நான் ஓடிப்போய்ச் சக்கரத்தில் கால் வைத்து ஏறி, அக்கா கழுத்தைக் கட்டி முத்தம் கொடுக்கப் போனேன். அவள் முகத்தை வெடுக்கென்று அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள். ஒரு கையை என் நெஞ்சில் வைத்துத் தள்ளினாள். கீழே விழுந்தேன். முழங்கை சிராய்த்துவிட்டது. ஜட்கா கிளம்பித் தெருமுனையில் திரும்பும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் திரும்பவே இல்லை. ஊர் சொன்ன அத்தனையையும் அந்த நிமிஷம் நான் நம்பினேன்.

அப்பா ஜட்காவின் பின்னாலேயே கொஞ்ச தூரம் நடந்துபோய் நின்றுவிட்டார். அம்மா உள்ளே வந்து அடுப்பை ஊதினாள். கண்ணில் ஏன் தண்ணீர் என்று யாராவது கேட்டால் சொல்வதற்குப் புகை இருந்தது. முதலில் வந்தவள், "பொண்ணு கப்பல்காரன்கூட போயிட்ச்சாமே?" என்றாள். "போயிட்ச்சும்மா" என்று அம்மா ஆப்பத்தைச் சட்டியிலிருந்து எடுத்துப் போட்டுக் கொடுத்தாள். அன்றைக்கு மாவு வெகு சீக்கிரம் தீர்ந்துபோயிற்று.

அடுத்த மழைக்காலம் தொடங்கிய சமயம் ஒருநாள் அப்பாவும் சித்தியும் காலையிலேயே எங்கோ போய் இருட்டும் நேரத்தில் வந்து, வாசலிலேயே தலைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டார்கள். நீல விளிம்புக் குவளையை அம்மா கழுவித் துடைத்துப் பெட்டிக்குள் வைத்தாள். இனிமேலாவது அது எனக்குக் கிடைக்கும் என்று நினைத்தேன், கிடைக்கவில்லை.

அந்த வருஷக் கல்லறைத் திருநாளுக்குக் கல்லறைத் தோட்டம் போனோம். தாத்தா கல்லறையை மெழுகிப் பூ வைத்து மெழுகுவத்தி ஏற்றியான பிறகு, அம்மா மடியிலிருந்து இன்னொரு மெழுகுவத்தியை எடுத்தாள். யாரும் வராத ஓரத்தில், பேர் இல்லாத ஒரு மண்மேட்டின் தலைமாட்டில் அதை நட்டாள். யாருக்கு என்று கேட்டேன்.

"யாருமில்லாதவங்களுக்கு" என்றாள்.

கடல் காற்று பலமாக அடித்தது. சுடர் அணைந்து அணைந்து போயிற்று. பக்கத்தில் உட்கார்ந்து கையால் மறைத்துக்கொள்ளச் சொன்னாள் அம்மா. உட்கார்ந்து இரண்டு கையையும் குவித்துக்கொண்டேன். தூரத்தில் ஏதோ ஒரு கப்பல் சங்கு ஊதியது. ஒரு முத்தத்துக்குக்கூட முகத்தைக் காட்டாமல் போனவள், எந்த ஊரில் எந்த மகாராஜா மாதிரி மாப்பிள்ளையோடு உட்கார்ந்திருக்கிறாளோ, வந்தால் பேசவே கூடாது என்று கறுவிக்கொண்டே, மெழுகு முழுதும் உருகித் தீரும்வரை அந்தச் சுடரை அணையாமல் பார்த்துக்கொண்டேன்.