ஒழுகாத மூலை

ஊரில் மழை பொய்த்த வருஷம், கம்பத்திலிருந்து மலைப்பாதையில் நடந்தே பீர்மேட்டுத் தேயிலைத் தோட்டத்துக்குக் கூலி வேலைக்குப் போனோம். இடுப்பில் கைக்குழந்தை.

எதிரே ஒரு பெண் காய்ச்சலில் நடுங்கியபடி தனியாக இறங்கி வந்தாள். வேலைக்கு ஆகாதென்று தோட்டத்திலிருந்து விரட்டிவிட்டார்களாம். தண்ணீர் கொடுத்தேன். குடித்துவிட்டு என் மகளையே பார்த்தாள்.

“கூலிக்காரவுக இருக்குற லயத்துல நான் இருந்த கடைசி வீடு காலியாத்தான் கெடக்கு, அதத்தான் உனக்குக் குடுப்பாக, தங்கச்சி. கூரை ஒழுகும். அடுப்புக்குப் பின்னால உள்ள மூலை மட்டும் ஒழுகாது. புள்ளைய அங்க படுக்கப் போடு.”

“நீங்க எங்கக்கா போறீக?”

“கீழதான்” என்றாள். அதற்குள் எங்களைக் கூட்டிப்போன கங்காணி அதட்டினார். நடந்துவிட்டோம்.

அவள் சொன்ன வீடுதான் கிடைத்தது. அடைமழையில் வீடெல்லாம் நனைந்தபோதும் அந்த மூலையில் மகள் நிம்மதியாக உறங்கினாள். பக்கத்து வீட்டுக்காரி ஒருநாள் மெதுவாகச் சொன்னாள்: “அவளுக்கும் ஒரு புள்ள இருந்துச்சு. போன மழையில குளிர்லயே போயிருச்சு. அப்புறந்தான் அந்த மூலைய அவ கண்டுபிடிச்சா.”

கீழிருந்து வருகிறவர்களிடமெல்லாம் விசாரித்தேன். அவளை யாரும் பார்க்கவில்லை.

அவளைத் துரத்திய இடத்தில்தான் எங்களுக்குப் பிழைப்பு கிடைத்தது. மகளுக்குக் கல்யாணமும் ஆகிவிட்டது. ஆனாலும் மழை பிடித்துக்கொண்டால் எனக்குத் தூக்கம் வருவதில்லை.