அறுபத்திரண்டாம் பக்கம்

என் மேசை இழுப்பறையில் ஒரு ஜெராக்ஸ் தாள் கிடக்கிறது. மூலையில் 62 என்று எண். அதன் வரிகள் மேல் யாரோ நீலப் பேனாவால் எழுத்து எழுத்தாக அழுத்தி எழுதியிருப்பது தெரியும். இருபது வருடங்களுக்கு மேலாக வீடு மாறும்போதெல்லாம் அதுவும் கூடவே வருகிறது. தூக்கிப் போட மனம் வரவில்லை.

தொண்ணூறுகளின் கடைசியில் செங்கல்பட்டில் ஒரு சீனியர் வக்கீலிடம் ஜூனியராக இருந்தேன். எங்கள் கட்சிக்காரரான ஒரு அம்மா திருவிடந்தையிலிருந்து இரண்டு பஸ் மாறி வருவார். மீன் விற்பவர். மாமல்லபுரத்தில் வெளிநாட்டுக்காரர்களுக்கு அறை பிடித்துக் கொடுத்துக்கொண்டிருந்த அவருடைய மகனைக் கஞ்சா வழக்கில் பிடித்திருந்தார்கள். ஜாமீன் கிடைத்துவிடும் என்றிருந்த வாரத்தில் தடுப்புக் காவல் உத்தரவு வந்து விழுந்தது. விசாரணையே இல்லாமல் ஓராண்டு உள்ளே வைக்கலாம். அவன் செய்தானா இல்லையா என்ற கேள்விக்கு அதில் இடமில்லை. எனக்கும் இன்றுவரை தெரியாது. அவன் அப்பா ஈரல் கெட்டு ஆஸ்பத்திரியில் கிடந்தார் என்பது மட்டும் தெரியும். நாலைந்து மாதம்தான் என்று டாக்டர் சொல்லியிருந்தார்.

"அவரு கண்ண மூடறதுக்குள்ள புள்ளைய கொண்டாந்து காட்டிடணும் வக்கீலம்மா. வேற ஒண்ணும் வோணாம்" என்பார் அந்த அம்மா, வரும்போதெல்லாம்.

உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போட்டோம். இந்த மாதிரி வழக்கில் நியாயம் பேசி ஜெயிப்பது அபூர்வம். அதிகாரிகள் விட்ட பிழையைப் பிடித்துத்தான் ஜெயிக்க வேண்டும். உத்தரவுக்கு ஆதாரமான தாள்களையெல்லாம் படிக்கக்கூடிய நகலாகக் கைதியிடம் கொடுத்தாக வேண்டும்; ஒரு பக்கம் படிக்க முடியாமல் போனாலும் உத்தரவு செல்லாது. சிறையில் அவனிடம் கொடுத்த தாள்கட்டை வாங்கிச் சீனியர் புரட்டிக்கொண்டே வந்தார். அறுபத்திரண்டாம் பக்கத்தில் கை நின்றது. ரசாயனப் பரிசோதனை அறிக்கையின் தமிழ் நகல், சாம்பல் பூசியது போல மங்கிக் கிடந்தது. "போதும், பையன் வெளியே வந்துட்டான்" என்றார். அவர் சிரித்து நான் பார்த்தது அன்றுதான்.

அந்தத் தாள்கட்டைக் கட்சிக்காரரிடமே கொடுத்து, விசாரணையன்று கொண்டுவரச் சொல்வது எங்கள் அலுவலக வழக்கம். கொடுக்கும்போது, என்ன விஷயம் என்று கேட்ட அந்த அம்மாவிடம், "இந்தப் பக்கத்தைப் படிக்கவே முடியலம்மா, அதான் விஷயம்" என்று சொல்லிவிட்டு ஓடினேன். கோர்ட்டில் வேறொரு வழக்குக்குப் பெயர் கூப்பிட்டுவிட்டார்கள். படிக்க முடியாததுதான் நமக்கு நல்லது என்று இன்னொரு வார்த்தை சேர்த்திருக்கலாம். அதற்கு நேரமில்லை என்பது பாதிதான் உண்மை. இவர்களுக்கெல்லாம் எதற்கு விளக்கிக்கொண்டு என்ற திமிர் மீதி.

விசாரணையன்று உயர் நீதிமன்றத் தாழ்வாரத்தில் அந்த அம்மா கட்டை நீட்டினார். முகமெல்லாம் பூரிப்பு.

"இப்ப பாரு வக்கீலம்மா. வெயில்ல தூக்கிப் புட்சிப் பாத்தா எழுத்து லேசா தெரியுது. மூணு நாளு குந்திகினு மேலயே எழுதிட்டேன். நான் அஞ்சாவது வரிக்கும் படிச்சவ."

சீனியர் பக்கத்தைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "என்னம்மா சொல்லி அனுப்புன?" என்று மட்டும் கேட்டார்.

சிறையில் கொடுத்த அந்தத் தாளையே கேட்டு வாங்கிப் பார்த்த நீதிபதிகள், தெளிவாகத்தானே இருக்கிறது என்றார்கள். சீனியர் நடந்ததை மறைக்காமல் சொன்னார். அடியில் எழுத்து எப்படி இருந்தது என்று இனி எப்படித் தெரியும் என்று கேட்டார்கள். மனு தள்ளுபடியானது.

மூன்றாம் மாதம் அவன் அப்பா போய்விட்டார். மகனைப் போலீஸ் காவலோடு ஒரு மணி நேரம் சுடுகாட்டுக்குக் கொண்டுவந்தார்கள். நானும் போயிருந்தேன். விலங்கு மாட்டிய கையாலேயே கொள்ளி வைத்தான். அவன் ஓராண்டையும் உள்ளேயே கழித்தான்.

காரியம் முடிந்து அலுவலகத்துக்கு வந்த அந்த அம்மா, ஏன் தோற்றோம் என்று கேட்கவில்லை. "எங்க நேரம் அப்டி கீது" என்றார். கிளம்பும்போது வாசலில் நின்று திரும்பினார்.

"நான் எழுதினது ஜட்ஜு ஐயாவுக்கு நல்லா தெரிஞ்சிதா வக்கீலம்மா?"

"நல்லாத் தெரிஞ்சுதும்மா" என்றேன். தலையாட்டிக்கொண்டு போனார்.

இப்போது நகல்கள் எல்லாம் கணினியில் பளிச்சென்று வருகின்றன. நேற்று ஏதோ தேடப்போய் அந்தத் தாள் கையில் வந்தது. அச்சு முழுதாக வெளுத்துப்போய்விட்டது. அந்த அம்மா எழுதியது மட்டும் இன்னும் நன்றாகத் தெரிகிறது.